தராசு துடைத்த கம்ப்யூட்டர்

நான் மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவன். தள்ளுவண்டியில் தொடங்கி, ஊரே திரும்பிப் பார்க்கிற பழைய இரும்புக் கடையை இந்தக் கையால் உண்டாக்கினேன். அந்தக் கடைக்குக் கண் மாதிரி இருந்தவன் என் மனைவியின் தம்பி. எல்லோருக்கும் அவன் தராசு. ஒரு பொருளைத் தூக்கிப் பார்த்தே எடை சொல்லிவிடுவான். கனமானது இந்தப் பக்கம், லேசானது குப்பைக்கு. ஆயுசு முழுக்க அதுதான் அவன் வேலை.

பேச்சுதான் அவனுக்கு வராது. பெண்டாட்டி போன பிறகு, மகளோடு பேசுவதே டிவி முன்னால் கார் ரேஸ் விளையாடும்போதுதான்.

“சுவத்துல முட்டாதப்பா, வண்டிக்கு வலிக்கும்.”

“நீ ரோட்டைப் பாரு. சளி விட்டுச்சா?”

டிவியில் செருகி விளையாடுகிற அந்தப் பெட்டி சாகக் கிடந்தபோது, மகள் அதிலிருந்ததையெல்லாம் கம்ப்யூட்டருக்கு மாற்றி, எமுலேட்டர் என்று ஒன்றைப் போட்டுக் கொடுத்தாள். கம்ப்யூட்டரே அந்தப் பெட்டி மாதிரி நடிக்குமாம். நன்றாகத்தான் நடித்தது.

அவள் வெளிநாட்டு வேலைக்குக் கிளம்புகிற அன்று காலையில் தராசு போன் செய்தான்.

“அத்தான், கேம் பேரெல்லாம் வருது. அமுக்கினா கறுப்பா நிக்குது.”

“இதுக்கா இந்தப் படபடப்பு? லாரி இன்ஜினையே பிரிச்சவன்டா நான்.”

“மத்தியானம் அவ வந்துருவா. போகாதம்மான்னு சொல்லணும். மூணாவது ரவுண்டுல சொல்லிரலாம்னு இருந்தேன்.”

போய் எல்லா வயரையும் பிடுங்கிச் செருகினேன். ஊதினேன், தட்டினேன், அணைத்துப் போட்டேன். எந்த கேமும் எழுந்திருக்கவில்லை. ரிப்பேர்காரரைக் கூட்டி வந்தேன்.

“இதுல எதையாவது அழிச்சீங்களா?” என்றார்.

“நேத்து சுத்தம் பண்ணேன். பொடிப்பொடியா கிடந்த ஃபைலை மட்டும் அழிச்சேன். பெருசு எதையும் தொடல,” என்றான் தராசு.

“அந்தப் பொடியில ஒண்ணுதாங்க பழைய பெட்டியோட உயிர். பயாஸ்னு சொல்வோம். அது முதல்ல ஓடினாத்தான் கேம் எழுந்திரிக்கும். கம்ப்யூட்டர் குப்பைத்தொட்டியில கிடக்குதா பாப்போம்.”

“அதையும் அப்பவே காலி பண்ணிட்டேன். கடைப் பழக்கம்.”

“அப்போ பழைய பெட்டியிலேர்ந்துதான் திரும்ப எடுக்கணும். அது எங்க?”

நாங்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டோம். அதை எங்கள் கடையிலேயே உடைத்து, செம்பு தனி பிளாஸ்டிக் தனியாக லாரி ஏற்றியாயிற்று.

மகள் வந்தாள். வழக்கம்போல் அப்பா பக்கத்தில் உட்கார்ந்து, தன் கன்ட்ரோலரை எடுத்து அமுக்கினாள். கறுப்பு.

“வேற எங்கயாவது எடுத்து வெச்சிருக்கியாம்மா?” நான்தான் கேட்டேன்.

“இல்ல மாமா. இதுல மட்டும்தான்.”

அதற்குப் பிறகு இருவரும் அந்தக் கறுப்பையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். கல்லையும் விலை பேசி விற்கிற வாய் எனக்கு. அவனுக்காக நானே சொல்லிவிடலாமா என்று வாயெடுத்தேன். தராசு என்னைப் பார்த்த பார்வையில் மூடிக்கொண்டேன். வாசலில் கார் வந்து நின்றது.

“கிளம்பட்டுமாப்பா?”

“ம்.”

கார் தெருமுனையில் திரும்பியதும் தராசு உள்ளே வந்து உட்கார்ந்து மறுபடி அமுக்கினான். மகள் வைத்துவிட்டுப் போன கன்ட்ரோலரின் வயரைச் சுற்ற ஆரம்பித்தேன்.

“விடுங்க அத்தான்,” என்றான். “அது அங்கயே கிடக்கட்டும்.”