அவர் வாயில் என் குரல்

அந்தப் படத்தின் பழைய பிரதியில் என் நண்பர் தேயிலைத் தோட்டத்துத் துரையின் முன் நின்று, "துரை, நாங்கள் எங்கை போறது?" என்று கேட்பார். முகம் அவருடையது, குரல் என்னுடையது. அவருக்குத் தெரியாமல் நான்தான் அதை அங்கே வைத்தேன்.

தோட்டத்து லயக் குடியிருப்பிலிருந்து விரட்டப்படும் ஒரு தொழிலாளியின் கதை அது. நண்பர் லயத்திலேயே பிறந்து, கொட்டாஞ்சேனைக்கு வந்து துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர். நான் வெள்ளவத்தையில் குடியேறிய யாழ்ப்பாணத்தான், தமிழ் வாத்தியார். தமிழ் தெரியாத சிங்கள இயக்குநருக்கு வசனத்தில் உதவினேன். அக்காலத்தில் படம் எடுத்து முடித்த பிறகுதான் குரலைப் பதிவார்கள். நண்பருடைய தோட்டத்துப் பேச்சைக் கேட்டால் படித்தவர்கள் சிரிப்பார்கள் என்று இயக்குநரிடம் சொன்னேன். அவர் நம்பினார். நண்பரிடம், "குரல் பதிவுக்குத் திகதி இன்னும் குறிக்கேல்லை" என்று பொய் சொல்லிவிட்டு நானே போய்ப் பேசினேன். தமிழுக்காகச் செய்ததாக வெகுகாலம் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். உண்மை அதுவல்ல. திரைக்கேற்ற முகம் எனக்கு இல்லை; குரலாவது அங்கே இருக்கட்டும் என்ற பொறாமைதான்.

முதற் காட்சிக்கு அவர் மலையிலிருந்து தகப்பனாரை அழைத்து வந்திருந்தார். இருட்டில் கிழவர் உரக்கக் கேட்டார்: "யாருடா அது, ஒன் வாயில பேசுறது?" பின்வரிசையில் சிலர் சிரித்தார்கள். வாசலில் நண்பர் என் கையைப் பிடித்து, "நல்லாப் பேசியிருக்கீங்க மாஸ்டர்" என்றார். அவ்வளவுதான்.

அதன்பின் வேலைநிறுத்தம், காணாமற்போனவர்கள், குடிசை உடைப்பு என்று சின்னச் சின்னப் படங்கள் எடுத்தவர்களெல்லாம் அவரைத் தேடிப் போனார்கள். வசனமில்லாத வேடமென்றால் மட்டும் ஒப்புக்கொண்டார். சவமாக, காவற்காரனாக, சிறைவாசலில் நிற்கும் தகப்பனாக வந்துபோனார். அவருடைய மௌனம் பெரிய கலை என்று விமர்சகர்கள் எழுதினார்கள். அவற்றை வாசித்துவிட்டு, கடல் பக்க யன்னலைக்கூடத் திறக்காமல் அறைக்குள்ளேயே கிடப்பேன். அந்த மௌனத்தைப் பூட்டிய கை யாருடையது என்று யாரிடம் சொல்வது?

போன வருடம் ஓர் இளம்பெண் அந்தப் படத்தைப் புதுப்பிக்க முன்வந்தாள். அவளிடம்தான் முதன்முதலாக உண்மையைச் சொன்னேன். பிறகு கொட்டாஞ்சேனைக்குப் போய் நண்பரிடம் மன்னிப்புக் கேட்டு, உங்கள் குரலிலேயே பதியுங்கள் என்று கெஞ்சினேன். "கெழவனானதுக்கப்புறம் வாயத் தொறக்கச் சொல்றீங்களா மாஸ்டர்?" என்று சிரித்தார். ஆனாலும் குறித்த நாளில் சவரம் செய்து, வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு, பாமன்கடையிலுள்ள ஒலிப்பதிவுக்கூடத்துக்கு எனக்கு முன்பே வந்து நின்றார்.

தன் இளம் முகத்தைப் பார்த்தபடி அவர் பேசினார்: "துரை, நாங்கள் எங்கை போறது?" என் இழுவை, என் நிறுத்தம். மறுபடி முயன்றார். மறுபடியும் நான்தான் வந்தேன். வீட்டில் பேரப்பிள்ளைகளும் அந்த வசனத்தை அப்படித்தான் சொல்லிக் கேலி செய்வார்களாம்.

"அன்னைக்குப் படம் புடிக்கிறப்ப நான் எப்புடிச் சொன்னேன் மாஸ்டர்? நீங்க பக்கத்துலதானே நின்னீங்க?"

எனக்கும் நினைவில்லை. திருத்துவதற்காகக் கேட்டேனே தவிர, அவர் குரலை நான் காதுகொடுத்துக் கேட்டதேயில்லை.

பதிவுக்காகப் போட்டிருந்த காதுக்கருவியைக் கழற்றி வைத்தார். "அப்ப ஒங்களத எடுத்துருங்க. என்னோடதும் வேணாம்."

புதிய பிரதியில் அவர் வாய் திறக்கும் இடமெல்லாம் ஒலி இல்லை. கீழே எழுத்து மட்டும் வருகிறது. வெள்ளவத்தையில் திரையிட்டபோது இருவரும் பக்கத்தில் பக்கத்தில் இருந்தோம். துரையின் முன் அவர் வாய் அசைந்தது. இருட்டில் என் உதடுகளும் தாமாகவே அசைந்துகொண்டிருந்தன. சட்டைப் பையிலிருந்த லேஞ்சியை எடுத்து வாயைப் பொத்திக்கொண்டேன். அவர் திரும்பிப் பார்க்கவில்லை.