கேமரா நின்ற பிறகு

எடிட்டர் என்றால் எந்த ஹீரோவைப் பார்த்திருக்கிறாய் என்று கேட்காத உறவினர் எனக்கு இல்லை. நான் பார்த்ததெல்லாம் கோலார் பக்கத்துத் தக்காளி விவசாயிகள், பட்டுப்புழு வளர்க்கிறவர்கள், ஏரிக்காகக் கொடி பிடித்தவர்கள். அவர்களையும் நேரில் இல்லை. லிங்கராஜபுரத்தில் ஒரு பேக்கரிக்கு மேலே இருக்கும் என் அறையில், திரையில்தான். கன்னடத்திலும் தமிழிலும் அவர்கள் பேசுவதைக் கேட்டுக் கேட்டு, யார் எங்கே மூச்சு வாங்குவார் என்பதுகூடப் பழகிவிடும். அவர்களில் யாராவது தெருவில் எதிர்ப்பட்டால் நான் சிரித்துவிடுவேன். யார் இந்த ஆள் என்று பார்த்துவிட்டுப் போவார்கள்.

போன மழைக்காலத்தில், கல்யாணத்துக்கும் சாவுக்கும் வாசிக்கிற பேண்டுகாரர்களைப் பற்றி ஒரு ஆவணப்படம் எடிட் செய்ய என்னிடம் வந்தது. அதில் எங்கள் பக்கத்துப் பகுதியான காக்ஸ் டவுன்காரர் ஒருவர், ட்ரம்பெட் வாசிப்பவர், அருமையாகப் பேசியிருந்தார். அவரைப் படம் பிடித்த மறுநாள் விடியற்காலையில் நெஞ்சுவலி வந்து இறந்துபோனார். டைரக்டர் ஒரு கன்னடப் பெண். வீட்டாருக்குக் காட்டாமல் படத்தை வெளியே விடமாட்டாள். ஒரு மத்தியானம் இறந்தவருடைய மனைவியை என் அறைக்கு அழைத்து வந்தாள்.

அந்த அம்மா கையைக் கட்டிக்கொண்டு முழுவதும் பார்த்தார். அழவில்லை.

"நல்லாத்தான் இருக்கு தம்பி. ஆனா ஏதோ பிரசங்கம் பண்றாப்ல இருக்கு. வூட்ல இவரு இப்படிப் பேச மாட்டாரு."

எனக்குச் சுருக்கென்றது. ஆனால் அவர் சொன்னது சரி. கேமரா முன்னால் உட்கார்ந்தால் எல்லோருமே விறைத்துப் போகிறார்கள்.

டைரக்டர் 'கட்' சொன்ன பிறகும் கேமரா சில நொடிகள் ஓடும். வால் என்று நாங்கள் சொல்லும் அந்த மிச்சத்தைப் பலர் பார்க்காமலே தூக்கிப் போடுவார்கள். எனக்கு அதுதான் உயிர். மனிதர்கள் மனிதர்களாக இருப்பது அதில்தான். ட்ரம்பெட்காரர் பேசிய காட்சியின் வாலைப் போட்டுக் காட்டினேன். கேமரா கீழே இறங்கியிருந்தது. தரையும் அவர் கால்களும் மட்டும் தெரிந்தன. அவர் உள்பக்கம் பார்த்துக் குரல் கொடுத்தார்: "ஏய், நீ சாப்ட்டியா?" அதோடு திரை கறுத்துவிட்டது.

அம்மாவின் முகம் மாறியது. "நான் பதில் சொன்னேனா?"

"தெரியலம்மா. கேமராவ ஆஃப் பண்ணிட்டாங்க."

"அதுக்கு முந்துன நாளு, நெஞ்சு சளியோட, மழையில நனஞ்சிக்கினு ஒரு சாவுக்கு வாசிக்கப் போனாரு. அந்தக் கோவம் எனக்கு. கடைசி நாளு பூரா அவரோட ஒரு வார்த்த பேசலன்னுதான் நெனச்சிக்கினு இருக்கேன்."

எங்கள் படங்களில் ஒலியைத் தனிக் கருவியில் பதிவு செய்வார்கள். இந்தப் படத்தின் சவுண்டுக்காரர் சரியான சோம்பேறி. கேமரா நின்ற பிறகும் தன் ரெக்கார்டரை நிறுத்தமாட்டார். தேவையில்லாத சத்தத்தையெல்லாம் என் தலையில் கட்டுகிறார் என்று அவரைத் திட்டாத நாள் இல்லை. அன்றைக்கு அவருடைய சோம்பலைத்தான் நம்பினேன்.

முதலில் நான் மட்டும் ஹெட்போனில் கேட்டேன். பதில் இல்லையென்றால் இந்த அம்மாவிடம் என்ன சொல்வது என்று பயமாக இருந்தது. அந்த 'சாப்ட்டியா' கேள்வி வந்தது. யாரோ ஒயர் சுருட்டினார்கள். பிறகு ஒன்றுமே இல்லை. நிறுத்திவிடலாம் என்று கையை நகர்த்தும்போது, தட்டு வைக்கிற சத்தம் கேட்டது.

ஹெட்போனைக் கழற்றிவிட்டு ஸ்பீக்கரில் போட்டேன்.

"நீங்க வராம நான் என்னைக்கி சாப்ட்டேன்? ஆறிப்போவுது, வாங்க."

எரிச்சலான குரல்தான். அம்மா இன்னொரு தரம் போடச் சொன்னார். அப்புறம் இன்னொரு தரம். டைரக்டர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

"கோவமாத்தான் பேசியிருக்கேன்" என்றார் அம்மா. "ஆனா பேசியிருக்கேன்."

வெறும் திரையைப் பார்த்தபடியே சொன்னார்:

"ஆமா தம்பி, இப்ப ஞாபகம் வருது. வந்து உக்காந்தாரு. ரசம் ரெண்டாவது தடவ கேட்டாரு. ஊத்தினேன்."