பிந்தேசர் வாங்கிய தடை உத்தரவு

என் கொழுந்தன் பிந்தேசருக்கு வேலை கிடைத்த கதையே அலாதி. ஹோலிக்கு மறுநாள் பழைய ஆபரேட்டர் பாங்கு என்னும் கஞ்சாப் பாலைக் குடித்துவிட்டு, குடிதண்ணீர் மோட்டாரைப் புகைய விட்டான். ஊரே குடத்தோடு நின்றது. குடிநீர்த் துறை எஞ்சினியர், கூட்டத்தில் கண்ணில் பட்ட இவனைக் காட்டி, "ஏய், நாளையிலேர்ந்து நீ வா" என்றார். விளம்பரமும் இல்லை, நேர்காணலும் இல்லை. காலியாகக் கிடந்த பணியிடத்தில் தினக்கூலியாக உட்கார்ந்தான். இரண்டாம் ஷிஃப்டுக்கு ஜகேசரும் அப்படித்தான் வந்தான்.

சில வருஷம் கழித்துப் பாட்னாவிலிருந்து உத்தரவு வந்தது: முறையில்லாமல் சேர்த்த எல்லாரையும் நிறுத்து. பிந்தேசர் வரிந்துகட்டிக்கொண்டு உயர் நீதிமன்றம் போனான். தீர்ப்பு வரும்வரை அவனை நீக்கக் கூடாது என்று தடை வாங்கி வந்தான். மாலை என்ன, ஜிலேபி என்ன! ஜகேசர் கோர்ட் என்றாலே நடுங்குகிறவன். எஞ்சினியர் வீட்டு வாசலில் அழுதான். அவரும் மோட்டார் போட ஆள் வேண்டுமே என்று உத்தரவை மேசைக்குள் தள்ளிவிட்டார்.

"என்ன ஜகேசர், அழுதழுதே தொட்டிய ரொப்பிட்டீங்களாமே!" என்று நான் கூடக் கேலி செய்தேன்.

"நீங்க சிரிங்க அண்ணி. எனக்கு வேலை இருக்கில்ல?" என்றான்.

பிறகு டெல்லியில் பெரிய கோர்ட் சொன்னது: கோர்ட் உத்தரவின் துணையில்லாமல் பத்து வருஷம் உழைத்தவர்களை ஒரே ஒருமுறை நிரந்தரமாக்கலாம். ஜகேசருக்குப் பத்து வருஷம் முடிந்திருந்தது. நிரந்தரமாகி, பென்ஷனும் உறுதியாகிவிட்டது. பிந்தேசர் அதைவிட அதிகமாகவே உழைத்திருந்தான். ஆனால் பெரும்பகுதி அந்தத் தடையின் கீழே போயிற்று. துறை அதைக் கணக்கில் எடுக்கவில்லை. எனக்கும் நிரந்தரம் கொடு என்று வழக்கை இழுத்துக்கொண்டே போனான். அதற்குள் தலை நரைத்துவிட்டது.

தீர்ப்பன்று நானும் போனேன். அவன் அண்ணன், என் வீட்டுக்காரர், சூரத்தில் இருந்தார். அவன் மனைவிக்கோ கோர்ட் வாசல் என்றாலே மயக்கம் வரும். நான் கட்டிக்கொண்டு போன சத்துமாவு உருண்டையை அவன் தொடக்கூட இல்லை. தள்ளுபடி என்று இரண்டே நிமிஷத்தில் சொல்லிவிட்டார்கள். தடையும் அதோடு போயிற்று.

வராந்தாவில் வக்கீல் பாபுவைப் பிடித்துக்கொண்டேன். "ஏன் சாமி, அதே மோட்டார், அதே தண்ணி. அவனுக்கு உண்டு, இவனுக்கு இல்லையா? இதென்ன அநியாயம்?"

"ஜகேசர் கோர்ட்டுக்கு வரலம்மா. இவரு வந்தாரு. தடையில ஓட்டின வருஷம் சேராது."

"அப்ப நான் வராமலே இருந்திருக்கணுமா?" என்றான் பிந்தேசர். அவன் குரலில் கோபம்கூட இல்லை. பஸ் எத்தனை மணிக்கு என்று கேட்பவன் போல இருந்தது.

"வரலேன்னா உங்கள அன்னிக்கே நிறுத்தியிருக்கலாம். ஜகேசருக்கு அதிர்ஷ்டம், அவ்வளவுதான்."

வக்கீல் காகிதக் கட்டை எடுத்தார். "மேல்முறையீடு பண்ணலாம். நாளைக்கே மறுபடி ஒரு தடை கேட்கலாம். கிடைச்சா வேலையில தொடரலாம்."

"அந்த வருஷங்க கணக்குல சேருமா?" என்று கேட்டான் பிந்தேசர்.

"சேராது."

அவன் பேனாவை வாங்கினான். நான் அவன் கையைப் பிடித்தேன். "புத்தி கெட்டவனே, இதுதானே உன்னக் கவுத்துச்சு? மறுபடியும் அதையேவா கேக்கப் போற?"

அவன் மெதுவாக என் கையை விலக்கினான்.

"வேற என்ன அண்ணி கேக்கறது?" என்று சொல்லிவிட்டு, வக்கீல் காட்டிய இடத்திலெல்லாம் கையெழுத்துப் போட்டான்.