அரை டின் குறை

ஜப்பான்காரன் வந்த பிறகு எங்கள் ரப்பர் தோட்டத்துப் பள்ளி மூடிக் கிடந்தது. நான் படித்ததெல்லாம் அதற்கு முந்திய நாலு வகுப்புதான். அதில் எனக்குப் பிடித்தது பின்னக் கணக்கு. குறைகிற அளவுக்கு முன்னால் ஒரு சிறு கோடு போட வேண்டும் என்று வாத்தியார் சொல்லித் தந்திருந்தார். அந்த நாளில் கூலிகளுக்கு வரிசையாகக் கட்டிய லயத்தில், எங்கள் வீட்டில், கோடு போடாமல் எழுதக்கூடியது அதிகம் இல்லை.

ஒரு நாள் காலையில் தோட்டத்துக் கணக்கெழுதும் கிராணி வந்து, சயாமில் ரயில் பாதை போட வீட்டுக்கு ஓர் ஆள் வரவேண்டும் என்று சொன்னார். அப்பா தன் பெயரைக் கொடுத்தார். அரிசிப் பங்கை மறுபடி குறைத்ததும் அன்றுதான்.

சாயங்காலம் அம்மா பால் டின்னால் அரிசியை அளந்து பார்த்துவிட்டு, "காலைக் கஞ்சிக்கு அரை டின் பத்தல. ராத்திரிக்கு டின்னுல மூணுல ஒரு பங்கு பத்தல. மரவள்ளியப் போட்டு எவ்வளவுதான் ரொப்புறது?" என்றார்.

வாசலில் உட்கார்ந்திருந்த மாமா, எங்களோடேயே இருந்த அம்மாவின் தம்பி, என்னைக் கூப்பிட்டார். "அரையும் மூணுல ஒண்ணும் எப்படிலா சேரும், மருமவனே? ஒண்ணு கோழி, ஒண்ணு வாத்து."

நான் அகப்பையைக் கொண்டுவந்தேன். ஆறு அகப்பை கொட்டினால் டின் நிறையும். அரை டின் என்றால் மூன்று அகப்பை, மூன்றில் ஒன்று என்றால் இரண்டு. மண்ணில் கோடு போட்டு எழுதி, "அஞ்சு அகப்பை குறை மாமா. ஆறுல அஞ்சு பங்கு," என்றேன்.

"அதுல என் வயித்தால வந்த குறை அரை டின். அத எடுத்துட்டா?"

குறையிலிருந்து குறையை எடுத்தால் குறை சிறுக்கும். வகுப்பில் பாதிப் பேர் அடி வாங்கிய இடம் இது. நான் வாங்கியதில்லை. "ரெண்டு அகப்பைதான் குறை. மூணுல ஒண்ணு."

"உங்கப்பன எடுத்தா?"

"அதுவும் அதேதான். ரெண்டு பேருக்கும் அரைதானே?"

"அப்ப யார எடுத்தாலும் கணக்கு ஒண்ணுதான்," என்று சிரித்தார். தங்கை அப்பாவின் மடியில் தூங்கிக்கொண்டிருந்தாள். மாமா கொஞ்ச நேரம் அவளையே பார்த்தார்.

மறுநாள் காலை லாரி வந்தபோது அப்பாவை முந்திக்கொண்டு மாமா ஏறிவிட்டார். "தம்பி, எறங்குடா!" என்று கத்திக்கொண்டு அம்மா பின்னால் ஓடினார்.

"மூணே மாசம்க்கா, வாரேன். மருமவன்கிட்ட கணக்குப் பாத்துட்டுத்தான் போறேன்லா!"

எல்லோர் முன்னாலும் என்னைச் சொன்னது எனக்குப் பெருமையாக இருந்தது. லாரி ஈப்போ பக்கம் திரும்பியது. அதோடு சரி, மாமாவை நாங்கள் அப்புறம் பார்க்கவில்லை.

என் கணக்குப்படி அன்று இரண்டு அகப்பை குறைய வேண்டும். ஆனால் நான் வயிறு நிறையக் குடித்தும் பானையில் கஞ்சி மிஞ்சிக் கிடந்தது. அம்மா அடுப்படியில் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தார். அப்பா தன் தட்டைத் தொடவில்லை. நான் வாசலுக்குப் போய், எந்த இடத்தில் பிழை செய்தேன் என்று மண்ணில் மறுபடி போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தேன்.