கெல்சென்கிர்ச்சனில் ஒரு அமெரிக்கப் பாட்டுப் புத்தகமும் நான் சொல்லாமல் வந்ததும்

2007 நவம்பரில் ஜெர்மனியின் மேற்கே இருக்கும் கெல்சென்கிர்ச்சனுக்கு இரண்டு முறை போனேன். முதல் முறை ஆசைப்பட்டு. இரண்டாம் முறை வேறு வழியில்லாமல். பழைய அமெரிக்கப் புத்தகங்களைத் தேடி அங்கே போக நினைப்பவர்களுக்கு உதவட்டும் என்றுதான் எழுத உட்கார்ந்தேன். ஆனால் நான் செய்ததை விட்டுவிட்டு மீதியை மட்டும் எழுத முடியவில்லை.

மியூனிக்கை ஒட்டிய கார்ஹிங்கில் எங்களுக்கு ஒரு சின்னப் பாட்டுக் குழு இருந்தது. அமெரிக்கா தனி நாடான புதிதில் அங்கே கிராமத்துத் தேவாலயங்களில் பாடிய பாடல்களைப் பாடுவோம். முக்கோணம், வட்டம், சதுரம், வைரம் என்று ஒவ்வொரு சுரமும் ஒரு வடிவத்தில் அச்சாகியிருக்கும். இசை படிக்காதவர்களும் வடிவத்தைப் பார்த்தே பாடிவிடலாம். நாங்கள் பார்த்ததெல்லாம் நகல்கள். மூலப் புத்தகம் ஒன்று கெல்சென்கிர்ச்சனில் ஒரு தேவாலயத்தின் மாடியறையில் இருப்பதாகக் கேள்விப்பட்டேன். காலமான ஓர் ஆசிரியர் விட்டுச்சென்ற தொகுப்பு அது. குடியேறிகளின் நாட்குறிப்புகள், பிரசங்கங்கள், ஆரம்பகாலக் கவிதை நூல்கள் எல்லாம் உண்டு.

அந்தத் தேவாலயத்தை அழைத்தேன். தொலைபேசியில் என் அரைகுறை ஜெர்மன் பேச்சைக் கேட்டவர், பெயரைச் சொன்னதும் தமிழுக்கு மாறினார். “சனிக்கிழமை பன்னிரண்டு மணிக்கு டெர்மின் போடுறன், வாங்கோ.” டெர்மின் என்றால் முன்கூட்டியே குறித்த நேரம். அவர்தான் சேவியர் அண்ணா. மன்னார்க்காரர். வாரநாட்களில் ரொட்டித் தொழிற்சாலையில் வேலை. சனிக்கிழமைகளில் சம்பளமில்லாமல் அந்த அறையைத் திறந்து வைப்பார்.

காலை 5.50க்கு மியூனிக்கில் ரயில். முன்பதிவு செய்ததால் 39 யூரோ. பதினொன்றேகாலுக்கு எசன், அங்கே வண்டி மாறினால் பத்து நிமிடத்தில் கெல்சென்கிர்ச்சன். நிலையத்திலிருந்து நடை கால் மணி நேரம். (குடை அவசியம். நான் நனைந்துதான் போனேன்.)

அறையில் இரண்டே மேசைகள். சேவியர் அண்ணா பஞ்சுத் தலையணை ஒன்றை வைத்து, அதன்மேல் புத்தகத்தைப் பாதி மட்டும் திறந்து வைத்தார். “இதுக்கு மேல விரிக்க ஏலாது தம்பி. முதுகு வெடிச்சுப் போடும். படமும் எடுக்கக் கூடாது, எழுதிக்கொள்ளுங்கோ.” பிறகு, “பக்கத்தில ஆள் நிக்கவேணும் எண்டுதான் இங்கத்தைச் சட்டம். நீங்கள் எங்கட பிள்ளைதானே, நான் தேத்தண்ணி போட்டுக்கொண்டு வாறன்” என்று சொல்லிக் கீழே போனார்.

அவர் படியிறங்கும் சத்தம் ஓய்ந்ததும் கேமராவை எடுத்தேன். பக்கத்தின் உள்ளோரம் வளைந்து தெரிந்தது. உள்ளங்கையால் அழுத்தினேன். காய்ந்த சுள்ளி ஒடிவதுபோல் ஒரு சத்தம். முதுகு பிளந்து எட்டுத் தாள்கள் கையோடு வந்துவிட்டன. அவற்றை உள்ளே செருகி, புத்தகத்தை மூடினேன்.

அவர் தேநீரோடு மீன் ரோல்ஸும் கொண்டுவந்தார். புத்தகம் மூடியிருப்பதைப் பார்த்து, “முடிஞ்சுதோ?” என்றார். “முடிஞ்சது அண்ணா, ரொம்ப தேங்க்ஸ்” என்றேன். அந்த வடிவங்களை அவர் தானாகவே படித்துப் பழகியிருந்தார். தனக்குப் பிடித்த பாட்டு ஒன்றை மெதுவாகப் பாடிக் காட்டினார், நல்ல கனமான குரல். நான் ரோல்ஸைத் தின்றுகொண்டே தலையாட்டினேன்.

மியூனிக் போகும்வரை ஐந்தரை மணி நேரம். எத்தனையோ நிலையங்களில் இறங்கித் திரும்பியிருக்கலாம். நான் படங்கள் தெளிவாக வந்திருக்கின்றனவா என்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

சொல்லிவிடலாம் என்று தைரியம் வந்து தொலைபேசியில் அழைக்கப் பத்து நாள் ஆனது. எடுத்தது தேவாலய அலுவலகப் பெண். அடுத்து வந்த வாசகரின் கையில் புத்தகம் உதிர்ந்ததாம். முன்பு பார்த்தது யார் என்று பதிவேட்டில் என் பெயர் இருந்தது. ஆனால் சேவியர் அண்ணா, “நான் பக்கத்திலேயே நின்றேன், அந்தப் பையன் செய்யவில்லை” என்று சொல்லியிருக்கிறார். அப்படியானால் புத்தகத்தை எடுத்து வைத்த நீங்கள்தான் கிழித்திருக்க வேண்டும் என்று அவரிடமிருந்து அறைச் சாவியை வாங்கிவிட்டார்கள்.

நேரிலேயே சொல்லிவிட, மறு சனிக்கிழமை அதே ரயில். அலுவலகத்தில் நடந்ததை எழுதிக் கையெழுத்திட்டேன், சரிசெய்யும் செலவை ஏற்றேன். பிறகு முகவரி கேட்டு அவர் வீட்டுக்குப் போனேன்.

கதவைத் திறந்தவர் உள்ளே வரச் சொன்னார். நான் வாசலிலேயே நின்றேன். “அண்ணா, புக்கைக் கிழிச்சது நான்தான்.”

“நான் தேத்தண்ணி கொண்டு வரேக்கையே கிழிஞ்சு போச்சுதோ?”

“ஆமா.”

“நான் பாடேக்கையும் உங்களுக்குத் தெரியும்.”

“ஆமா அண்ணா.”

“கிழிஞ்சது பரவாயில்லை. நீங்கள் செய்திருந்தால் சொல்லியிருப்பீங்கள் எண்டு நம்பித்தான் நான் அவையளிட்டைப் பொய் சொன்னனான்.” கதவில் கை வைத்துக்கொண்டார். “சரி, போயிட்டு வாங்கோ. மழை வரப்போகுது.”

சாவியைத் திருப்பித் தர அலுவலகத்தார் முன்வந்தார்கள். அவர் வாங்கிக்கொள்ளவில்லை என்று பின்னால் தெரிந்தது.

போக விரும்புகிறவர்களுக்கு: இரண்டு வாரம் முன்னதாகக் கடிதம் எழுதுங்கள். பென்சில் மட்டும் அனுமதி. கேமரா, பை எல்லாவற்றையும் கீழே வைத்துவிட வேண்டும். நாட்குறிப்புகளுக்கு அரை நாள் ஒதுக்குங்கள், அவ்வளவு நல்லவை. நீங்கள் படித்து முடிக்கும்வரை அலுவலகத்திலிருந்து ஒருவர் நாற்காலி போட்டு உங்கள் கைகளையே பார்த்துக்கொண்டிருப்பார். அவர்மேல் எரிச்சல்படாதீர்கள். அந்த நாற்காலி என்னால் வந்தது.