கூட்டு ரோட்டில் நின்ற அல்லா பிச்சை

பால் பொங்கியதும் அடுப்பை அணைத்தாயிற்று. மேலே ஆடை படிந்து பால் ஆறியும் போயிற்று. அல்லா பிச்சை இன்னும் அடுப்பருகில்தான் நிற்கிறார். துணி உலர்த்தப் போன மனைவி சைபுன்னிசா, "பாலப் பாத்துக்கோங்க" என்று சொல்லிவிட்டுப் போயிருக்கிறாள். பார்த்தாயிற்று. ஆனால் ஒப்படைக்க ஆள் வரவில்லையே. பக்கத்து வீட்டுக் கஸ்தூரியம்மாளோடு பேசி முடித்து அவள் உள்ளே வந்து, "நவுருங்க, நான் பாத்துக்கிறேன்" என்று சொன்ன பிறகுதான் அவர் கால்கள் அசைகின்றன.

நெய்வேலிச் சுரங்கத்திலிருந்து நிலக்கரியைச் சுமந்து வரும் கன்வேயர் பெல்ட்டுக்குத் துணையிருந்தே காலத்தைக் கழித்தவர் அவர். பெல்ட் ஓடிக்கொண்டே இருக்கும். பார்த்துக்கொள்ள ஆளும் இருந்துகொண்டே இருக்க வேண்டும். ஷிப்டு முடிந்து சங்கு ஊதினாலும், அடுத்த ஷிப்டு ஆள், அதாவது ரிலீவர், எதிரே வந்து நின்று "நான் வந்துட்டேன், நீ கெளம்பு" என்று சொல்லாமல் இடத்தை விடக் கூடாது. மற்றவர்களுக்கு அது வேலை விதி. அல்லா பிச்சைக்கு அது ரத்தத்தில் கலந்துவிட்டது. ஓய்வு பெற்று, குவார்ட்டர்ஸைக் காலி செய்து, மந்தாரக்குப்பத்தில் வாடகை வீட்டுக்கு வந்த பிறகும் இறங்கவில்லை.

உறவுக்காரப் பெண்ணின் நிக்காஹில் வாசலில் நின்று பன்னீர் தெளிக்கச் சொன்னார்கள். வந்தவர்கள் மேல் தெளித்தார். செம்பை யாரும் வந்து வாங்கிக்கொள்ளாததால், சாப்பிட்டுவிட்டுப் போனவர்கள் மேலும் தெளித்தார். கடைசியில் பந்தல் பிரிக்க வந்தவர்கள் மணக்க மணக்கக் கம்பங்களை அவிழ்த்தார்கள். ரேஷன் வரிசையில் கஸ்தூரியம்மாள், "ஒரு நிமிசம் என் எடத்தப் புடிச்சி வைங்க பாய்" என்று சொல்லிவிட்டு, பாமாயில் இன்று இல்லை என்று கேள்விப்பட்டு அப்படியே வீட்டுக்குப் போய்விட்டாள். ஷட்டர் இறக்கிய கடைக்கு முன்னால் ஒற்றை ஆள் வரிசையாக நின்றவரைப் பார்த்து மனம் பொறுக்காமல், கடைக்காரரே அவளுக்கு ஆள் அனுப்பினார்.

ஓய்வுக்குப் பிறகு வந்த முதல் சில மாதங்களைச் சைபுன்னிசா இன்றும் நினைக்க விரும்புவதில்லை. இருட்டோடு எழுந்துகொள்வார். பேண்ட் சட்டை மாட்டிக்கொள்வார். வாசல் வரை போவார். போவதற்கு இடமில்லை என்பது அங்கேதான் நினைவுக்கு வரும். திரும்பி வந்து கட்டிலில் உட்கார்ந்து சுவரைப் பார்ப்பார். சென்னையிலிருக்கும் மகள் ஆசிஃபா அந்தக் கோலத்தை ஒரு நாள் பார்த்துவிட்டு அழுதாள். அடுத்த வாரம் ஒரு கியர் சைக்கிள் வந்து இறங்கியது.

அல்லா பிச்சை அதற்கு ஸ்டாண்டு போட்டார். கேரியர் போட்டார். கடைக்காரப் பையன், "இது ரேஸ் வண்டி பாய், அசிங்கமா இருக்கும்" என்று கெஞ்சினான். ஸ்டாண்டு இல்லாத வண்டியை ராத்திரி முழுக்க யார் பிடித்துக்கொண்டு நிற்பது என்று இவர் கேட்டார். அவர் கேட்டால் அது வெறும் பேச்சில்லை. அன்று முதல் விடியலில் டவுன்ஷிப்பின் மரத்தடிச் சாலைகளை ஒரு சுற்று சுற்றி, முத்தாண்டிக்குப்பம் போய் டீ குடித்து, பருவகாலமென்றால் கேரியரில் ஒரு பலாப்பழத்தோடு திரும்புவார். முகத்தில் பழைய களை வந்துவிட்டது. சர்க்கரை குறைந்துவிட்டது. சைபுன்னிசாவுக்குத்தான் பயம் கூடிவிட்டது. அந்த ரோட்டில் போகிற லாரிகள் அப்படி.

இந்த நிலையில்தான் இனியன் கல்வராயன் மலைப் பேச்சை எடுத்தான். டவுன்ஷிப்பில் ஞாயிற்றுக்கிழமை சைக்கிள் கூட்டத்தை நடத்துகிற இளம் என்ஜினீயர் அவன். நான்கு நாள் பயணம், மலைமேல் சிற்றூர்கள் வழியாக. முடியாதவர்களை ஏற்றிக்கொள்ளப் பின்னால் ஒரு வேன். அல்லா பிச்சை மனைவியிடம் அனுமதி கேட்டு நின்றார். அவள் அரிசி களைந்துகொண்டே தீர்ப்பைச் சொன்னாள்.

"போறதுன்னா முழுசா ஓட்டிக்கினு வாங்க. நடுவுல முடியலன்னு வேன்ல ஏறினீங்க, அன்னிக்கே சைக்கிள மருமவனுக்குக் குடுத்துடுவேன். அஷ்ஃபாக்காவது அதுமேல துணி காயப் போட்டுக்கட்டும்."

நெஞ்சில் சம்மட்டி இறங்கியது போல இருந்தது அவருக்கு. சைக்கிள் இல்லாத விடியற்காலை எப்படி இருக்கும் என்பதை அறிந்தவர் அல்லவா? ஆனாலும் தலையை ஆட்டினார். நெய்வேலிப் பக்கத்தில் ஏறிப் பழக மலைக்கு எங்கே போவது? ரயில்வே மேம்பாலத்தில் ஏறினார், இறங்கினார், மறுபடி ஏறினார். பாலத்தடியில் இளநீர் விற்பவர் இரண்டு நாள் பொறுத்துப் பார்த்துவிட்டு, எதையாவது தொலைத்துவிட்டாரா என்று விசாரித்தார்.

முதல் நாள் சமவெளி. இரண்டாம் நாள் ஏற்றம். கொண்டை ஊசி வளைவுகளில் இளைஞர்கள் நாக்கு தள்ள நின்றபோது, இவர் பெல்ட் ஓடுகிற அதே நிதானத்தில் போய்க்கொண்டிருந்தார். கீழே அணைத் தண்ணீர் கைக்குட்டையாகச் சுருங்கிப் பளபளத்தது. ஓர் ஊரில் சாமைக் கதிரை ரோட்டில் பரப்பி வைத்திருந்தார்கள். தானியத்தின் மேல் சக்கரம் ஏற்றுவதா என்று இவர் சைக்கிளைத் தூக்கித் தோளில் வைக்கப் போனார். களத்துக்காரர் பதறி, ஏறி மிதித்துப் போகச் சொன்னார். கதிரடிக்கிற வேலை அவர்களுக்கு மிச்சமாம். மிதித்தார். போதும் என்று யாரும் சொல்லவில்லை. திரும்பி வந்து மிதித்தார். களத்துக்காரர் டீ குடித்துவிட்டு வருவதற்குள் மொத்தச் சாமையும் உதிர்ந்திருந்தது. இவரை அந்த ஊரிலேயே விட்டுவிட்டுப் போக முடியுமா என்று இனியனிடம் கேட்டார்கள்.

மூன்றாம் நாள் பிற்பகலில் அந்தக் கூட்டு ரோடு வந்தது. சாலை இரண்டாகப் பிரிகிறது. வலப்பக்கம் ஏறினால் அன்றிரவு தங்க வேண்டிய வெள்ளிமலை. இடப்பக்கம் எங்கெங்கோ மலையூர்கள். போனில் சிக்னல் கிடையாது. பின்னால் வருகிறவர்கள் வழி தவறாமலிருக்க, அங்கே நின்று கை காட்டும்படி இனியன் அல்லா பிச்சையிடம் சொன்னான். கடைசி ஆளாக ராயப்பன் வருவார். அவர் வந்து சொன்னதும் இருவரும் சேர்ந்து வந்துவிடலாம்.

விதி சிரித்தது இங்கேதான். ராயப்பனின் பழைய கதை இனியனுக்குத் தெரியாது. அவர் அதே பெல்ட்டில், அல்லா பிச்சைக்கு அடுத்த ஷிப்டில் இருந்தவர். அதாவது, அவருடைய ரிலீவர். தன் சர்வீசில் ஒரு நாளும் நேரத்துக்கு வந்தறியாத ரிலீவர்.

கூட்டம் முழுவதும் கடந்து போயிற்று. சற்று நேரத்தில் வேனும் வந்தது. டிரைவர் இவர் காட்டிய பக்கம் திருப்பிக்கொண்டு போய்விட்டார். கெண்டைக்கால் இழுத்துக்கொண்டு, ராயப்பன் அதே வேனின் பின்சீட்டில் படுத்துக் குறட்டை விட்டுக்கொண்டிருந்தது இவருக்கு எப்படித் தெரியும்? வேனில் இருந்தவர்கள், பாய் சைக்கிளில் பின்னாலேயே வருவார் என்று இருந்துவிட்டார்கள். முன்னால் போனவர்கள், பாய் ராயப்பனோடு வேனில் இருப்பார் என்று இருந்துவிட்டார்கள். அல்லா பிச்சை கையை நீட்டிக்கொண்டு நின்றார்.

பாறை நிழலில் ஆடு மேய்த்துக்கொண்டிருந்த பொற்கொடி நெடுநேரம் இவரையே பார்த்தாள். கடைசியில் பொறுக்க முடியாமல் கிட்டே வந்தாள்.

"யாருக்குங்க நிக்கிறீங்க?"

"ராயப்பன்னு ஒருத்தன் வரணும்."

"வருவாருங்களா?"

"லேட்டாத்தான் வருவான். ஆனா வருவான்."

கல்யாணப் பாத்திரங்களை ஏற்றிக்கொண்டு ஒரு மினி லாரி வந்தது. டிரைவர் பக்கத்தில் சமையல்காரி விருத்தாம்பாள் மடியில் கரண்டிக் கட்டோடு உட்கார்ந்திருந்தாள். கல்யாண வீட்டுக்கு எந்தப் பக்கம் என்று அவள் கேட்டு முடிப்பதற்குள் இவர் கை வெள்ளிமலைப் பக்கம் நீண்டது. லாரி திரும்பிப் போயிற்று. அந்த இடத்தில் அவருக்கு இடப்பட்ட வேலை அதுதான். யார் வந்தாலும் வலப்பக்கம்.

மாலை அஸர் தொழுகை நேரம் வந்தபோது, ரோட்டைப் பார்த்துக்கொள்ளும்படி பொற்கொடியிடம் ஒப்படைத்துவிட்டு, ஓரமாகத் துண்டை விரித்துத் தொழுதார். எழுந்து பார்த்தால், அவள் ஒரு பைக்காரனை இடப்பக்கம் அனுப்பிக்கொண்டிருந்தாள். அல்லா பிச்சை பதறிப்போனார்.

"அந்தப் பக்கம் அனுப்பக் கூடாதும்மா."

"அவன் வூடே அங்கதாங்க இருக்குது."

அவர் மறுபடி பொறுப்பைத் தானே எடுத்துக்கொண்டார்.

வெயில் மஞ்சளாயிற்று. மலை இடுக்கில் மேகம் வந்து உட்கார்ந்தது. பொழுது சாய்ந்த பிறகு மலையில் சைக்கிள் ஓட்டக் கூடாது. வேனில்தான் ஏற வேண்டும். இனியன் முதல் நாளே கண்டிப்பாகச் சொன்ன சட்டம் அது. இப்போது கிளம்பினால் வெளிச்சத்திலேயே போய்ச் சேர்ந்துவிடலாம். இன்னும் நின்றால் வேன். வேன் என்றால் சைக்கிள் போயிற்று. ஸ்டாண்டில் நின்ற சைக்கிளைத் திரும்பிப் பார்த்தார். அது வாய் இல்லாத பிள்ளையைப் போல அவரைப் பார்த்தது. ஒரு தரம் போய் ஹேண்டில்பாரில் கை வைத்தார். ராயப்பன் மட்டும் தன்னந்தனியாக இந்த இடத்துக்கு வந்து, எந்தப் பக்கம் என்று தெரியாமல் நின்றால்? கையை எடுத்துவிட்டார். திரும்பி வந்து நின்றார். கையை மறுபடி நீட்டினார்.

அந்த நேரம் வெள்ளிமலை டீக்கடையில் விருத்தாம்பாள் கரண்டியும் கையுமாக இறங்கி நியாயம் கேட்டுக்கொண்டிருந்தாளாம். பெண்ணழைப்புக்கு ஆக்கிப்போட வேண்டிய அண்டாக்கள் ஊர் மாறி வந்திருக்கின்றன.

"தொப்பி போட்ட பாய் ஒருத்தரு, கூட்டு ரோட்டுல கைய நீட்டிக்கினு செல மாதிரி நிக்கிறாரு. அவரு மூஞ்சியப் பாத்தா பொய் சொல்றவரு மாதிரியும் தெரியல."

பஜ்ஜி தின்றுகொண்டிருந்த இனியனுக்கு அது தொண்டையிலேயே நின்றது. வேனைப் பார்த்தான். ராயப்பன் அப்போதுதான் சோம்பல் முறித்துக்கொண்டு இறங்கி, "பிச்சை எங்க?" என்று கேட்டார்.

வேன் கூட்டு ரோட்டுக்கு வந்தபோது இருட்டத் தொடங்கியிருந்தது. நீட்டிய கையோடு நின்றவர், முதலில் இறங்கிய ராயப்பனைத் தலை முதல் கால் வரை பார்த்தார். கோபம் இல்லை. ஆள் முழுசாக வந்துவிட்டான் என்ற நிம்மதி மட்டும்தான் முகத்தில் இருந்தது. "இப்பதான் வரியா?" என்றார். சைக்கிளை ராயப்பனே தூக்கி வேனில் ஏற்றினார். ஏறும்போது அல்லா பிச்சை படியில் ஒரு கணம் தயங்கி நின்றார். தூக்குமேடைப் படியென்றாலும் அவ்வளவு தயங்கியிருக்க மாட்டார். வழி முழுக்க எல்லோரும் அவரைச் சமாதானப்படுத்தினார்கள். வீட்டில் யாரும் மூச்சுவிடப் போவதில்லை, இதற்கு வேன் என்று பெயரே இல்லை என்றெல்லாம் இனியன் சொன்னான். அவர் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

வெள்ளிமலையில் சிக்னல் கிடைத்ததும் முதல் வேலையாக அவரே கூப்பிட்டார்.

"சைபு, வேன்ல ஏறிட்டேன்."

"கால் முடியலையா?"

"கால் நல்லாத்தான் இருக்குது. ரிலீவர் வரல."

ரிலீவர் வரல. எத்தனை நோன்பு மாலைகளில் கஞ்சி ஆறிப்போனதற்கு இந்த இரண்டு சொற்கள் காரணமாக இருந்திருக்கின்றன. ஆசிஃபா பிறந்த அன்று, வலியில் துடித்தபடி வாசலையே பார்த்துக்கொண்டிருந்தவளிடம் மறுநாள் காலை வந்து நின்று அவர் சொன்னதும் இதையேதான். அன்று அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். பெல்ட்டை விட்டுவிட்டு ஓடி வந்திருந்தால் சந்தோஷப்பட்டிருப்பாளா என்று பிற்பாடு அவளே தன்னைக் கேட்டுக்கொண்டதும் உண்டு. பெல்ட்டை விட்டு வராத அந்த ஆளைத்தான் அவளுக்குப் பிடித்துப்போயிருந்தது.

"எந்த எடத்துல ஏறினீங்க?"

"கூட்டு ரோட்டுல."

"காலைல அங்கியே திரும்பிப் போங்க. வுட்ட எடத்துலேருந்து ஓட்டிக்கினு வாங்க. அப்ப பாதியில வுட்டதா ஆவாது." அவர் ஏதோ சொல்ல வாயெடுத்தார். அவள் விடவில்லை. "அந்த ராயப்பன் அண்ணன் பக்கத்துல இருக்காரா? போன அவராண்ட குடுங்க."

ராயப்பன் போனைக் காதில் வைத்துக்கொண்டு சுவரோரமாகப் போனார். வெகுநேரம் "ஆமாம்மா", "தப்புதாம்மா" என்ற இரண்டு வார்த்தைகளைத் தவிர வேறெதுவும் கேட்கவில்லை. ஆசிஃபா பிறந்த நாளும் அந்தக் கணக்கில் சேர்ந்தது என்று மட்டும் பிறகு சொன்னார்.

மறுநாள் காலை மற்றவர்கள் மூட்டை கட்டிக்கொண்டிருக்கும்போதே அல்லா பிச்சை வெள்ளிமலையிலிருந்து சைக்கிளில் இறங்கிவிட்டார். பனி விலகாத சாலை. மரவள்ளிக் கொல்லைகளில் யாரோ கனைத்துக்கொண்டார்கள். கூட்டு ரோட்டில் பொற்கொடி ஆடுகளை ஓட்டிக்கொண்டு அப்போதுதான் வந்திருந்தாள். இவரைக் கண்டதும் சிரிப்பை அடக்கிக்கொண்டு, இன்றைக்கும் நிற்கப் போகிறாரா என்று கேட்டாள்.

அவர் இறங்கி, முந்தின நாள் நின்ற அதே இடத்தில் சைக்கிளைக் கொண்டுவந்து, முன்சக்கரத்தை வெள்ளிமலைப் பக்கம் திருப்பினார். ஒரு கால் பெடலில், ஒரு கால் தரையில். கிளம்பவில்லை. இரண்டு சாலைகளையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு அவளைப் பார்த்தார்.

"நான் போலாமாம்மா?"

பொற்கொடி சிரிப்பை நிறுத்தினாள். ஆடுகளைத் தாண்டி நடந்து வந்து அவர் பக்கத்தில் நின்றாள். கையிலிருந்த ஆட்டுக்கோலை வலப்பக்கம் நீட்டினாள்.

அல்லா பிச்சை மிதித்தார். முதல் வளைவில் திரும்பிப் பார்த்தார். கோல் இன்னும் இறங்கவில்லை.