கண்ணீர் அஞ்சலிக்கு ஆறு வேண்டாம்

பெரிய காஞ்சிபுரத்தில் பேனர் அடிக்கிற கடை வைத்திருக்கிறேன். கல்யாணம், காதுகுத்து, கட்சிக்காரர் பிறந்தநாள் எல்லாம் அடிப்போம். ஆனால் எனக்குப் பேர் வாங்கிக் கொடுத்தது கண்ணீர் அஞ்சலிதான். படத்துக்குக் கீழே போடுகிற நாலு வரியை நானே எழுதுவேன். சாவு விழுந்த வீட்டிலிருந்து, "அந்த ஆளு எழுதுனா நல்லா இருக்குதுபா" என்று கடையைத் தேடிக்கொண்டு வருவார்கள்.

சின்ன வயதில் போனவர் என்றால் பூ. அம்மா என்றால் நிலா. அப்பா என்றால் ஆலமரம். யார் எப்படிப்பட்டவர் என்று சரியாகத் தெரியாவிட்டால் ஆறு. ஆறு எல்லோருக்கும் பொருந்தும், எங்கேயாவது போய்க் கலந்தால் சரி. ஒருமுறை ஒரு பட்டுக்கடை முதலாளி தன் மனைவிக்கு மயில் என்று எழுதச் சொன்னார். மயில் படத்தோடு எழுதிக் காட்டினேன். மனிதர் உதட்டைப் பிதுக்கிவிட்டு, "இது பழைய பார்டர் மயிலாச்சேபா, இப்ப யாரு இத கட்றாங்க?" என்றார். எங்கள் ஊரில் தோகை விரிக்கிற மயிலைவிட சேலைக் கரையில் நிற்கிற மயில்தான் அதிகம். சிரிப்பை அடக்கிக்கொண்டு வேறு மயில் போட்டுக் கொடுத்தேன்.

இந்தப் பூவும் நிலாவும் ஜனங்களுக்கு ஏன் வேண்டியிருக்கிறது என்று எனக்குத் தெரியும். பூ உதிர்ந்தது என்று எழுதினால் அதற்கு யாரும் பொறுப்பில்லை. எந்த ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயிருக்கலாம், யார் கவனிக்காமல் விட்டார்கள், கடைசியாக யார் என்ன பேசினார்கள் என்கிற பேச்சே எழாது. கடை வாசல் வரைக்கும் ஒருவரை ஒருவர் குத்திக்காட்டிக்கொண்டு வந்தவர்கள்கூட அந்த வரியைப் படித்ததும் சேர்ந்து அழுவார்கள். அதைப் பார்த்துப் பார்த்து எனக்குக் கொஞ்சம் திமிரும் ஏறியிருந்தது.

அப்புறம் போன மழைக்காலம் வந்தது. பாலாறு என்றால் எங்களுக்கு மணல்தான். அதில் தண்ணீர் வந்துவிட்டால் ஊரே வேலையைப் போட்டுவிட்டு வேடிக்கை பார்க்கப் போகும். ஷேர் ஆட்டோ ஓட்டுகிற என் தம்பியும் போனான். ஓரிக்கைப் பக்கம் கரையோரமாக நின்றிருக்கிறான். கரை இடிந்து அவனையும் சேர்த்து உள்ளே இழுத்துக்கொண்டது. திருமுக்கூடல் பக்கத்தில்தான் உடம்பு கிடைத்தது.

அதற்குப் பிறகு எனக்கு ஓரிடத்தில் உட்கார முடியவில்லை. கடையைத் திறப்பேன், கம்ப்யூட்டரைப் போடுவேன், உடனே அணைப்பேன், வண்டியை எடுத்துக்கொண்டு கிளம்புவேன். பஸ் ஸ்டாண்டு வரைக்கும் போய், எதற்கு வந்தோம் என்று தெரியாமல் திரும்புவேன். டீயை வாங்கிக் குடிக்காமல் வைத்துவிட்டு வருவேன். அம்மா எனக்கு நேர்மாறு. வைத்த இடத்தில் உட்கார்ந்திருந்தாள். வந்தவர்கள் ஒப்பாரி வைத்தால் சுவரைப் பார்ப்பாள். ஒரு சொட்டுக் கண்ணீர் இல்லை, ஒரு வார்த்தை இல்லை, சோற்றைப் பிசைந்து அப்படியே வைத்துவிடுவாள். இப்படியே விட்டால் இவளையும் பறிகொடுத்துவிடுவோம் என்று பயந்தேன்.

காரியத்துக்கு பேனர் கட்ட வேண்டும் என்று ஆட்டோ ஸ்டாண்டுக்காரர்கள் வந்தார்கள். "நீயே எழுதுண்ணா" என்றார்கள். அம்மா படித்தால் வாய்விட்டு அழ வேண்டும், அப்படி ஒரு வரி எழுத வேண்டும் என்று உட்கார்ந்தேன். பூ என்று அடித்தேன். பூவாம் பூ. சில்லறை இல்லை என்கிறவர்களை வாயாலேயே கீழே இறக்கிவிடுகிறவன் அவன். நிலா என்று அடித்தேன். தன் கறுப்பைச் சொல்லி அவனே விழுந்து விழுந்து சிரித்திருப்பான். ஆலமரம் சுத்தமாக ஒத்துவராது, அவன்தான் எங்கள் நிழலில் நின்றுகொண்டிருந்தான். ஆறு என்று அடிக்கக் கையே வரவில்லை. ஊருக்கெல்லாம் எழுதிக் கொடுத்த வரிகள்மேல் எனக்கு அப்படி ஒரு எரிச்சல் வந்தது. எழுந்து மறுபடியும் வண்டியை எடுத்தேன்.

ஸ்டாண்டுக்காரர்களும் பொறுத்துப் பார்த்துவிட்டு வேறு கடையில் அடித்துக்கொண்டு வந்துவிட்டார்கள். காரியத்துக்கு முந்தின நாள் காலையில் தெருமுனையில் கட்டிக்கொண்டிருந்தார்கள். 'வற்றாத நதியே, எந்தக் கடலில் கலந்தாயோ' என்று பெரிய எழுத்தில் போட்டிருந்தது. பின்னால் நுரைக்க நுரைக்க ஒரு அருவி. அருவிக்கு நடுவில் என் தம்பியின் சிரித்த முகம்.

எனக்குக் கோபம் தலைக்கேறிவிட்டது. கயிற்றைப் பிடித்து இழுத்த இழுப்பில் பேனர் பாதியாகக் கிழிந்து தொங்கியது.

"அறிவு இருக்குதாடா உங்களுக்கு? தண்ணில போனவனுக்கு அருவியா போடுவீங்க?"

ஏணிமேல் நின்றிருந்தவன் தம்பியோடு கூடவே ஆட்டோ ஓட்டுகிறவன். மிரண்டுபோய் இறங்கினான்.

"நீ எழுதுன வரிதாண்ணா. எங்க அப்பா செத்தப்ப நீதான் எழுதிக் குடுத்த. எங்கம்மா இன்னும் அத மடிச்சி வெச்சிகினு இருக்குது. மனசுக்கு ஆறுதலா இருக்குதுன்னு சொல்லும். அதான் அதையே போடச் சொன்னேன்."

சொல்லும்போதே அவன் கண் கலங்கிவிட்டது. அவனை அறையவும் தோன்றியது, கட்டிக்கொள்ளவும் தோன்றியது.

சத்தம் கேட்டு அம்மா எழுந்து வந்துவிட்டாள். கண்ணாடி இல்லாமல் அவளால் எழுத்துப் படிக்க முடியாது.

"இன்னாபா எழுதியிருக்குது, படி."

"பூ உதிர்ந்துபோச்சின்னு எழுதியிருக்குதுமா."

"பொய் சொல்லாத. பின்னால தண்ணி கொட்டினு இருக்குது. அதுகூடவா தெரியாது எனக்கு?"

வேறு வழியில்லாமல் படித்தேன். அம்மா தொங்கிக்கொண்டிருந்த பாதியைக் கையில் பிடித்தாள். தம்பியின் முகம் இருந்த பக்கத்தை விட்டுவிட்டு, அருவியைத் தடவிப் பார்த்தாள்.

"தண்ணிய இன்னாத்துக்குடா கிழிக்கிற? அன்னிக்கி என்னையும் கூப்புட்டான்பா. 'ஆத்துல தண்ணி வந்துகினு இருக்குது, வாம்மா, காட்டறேன்'னு வாசல்ல நின்னுகினு கூப்புட்டான். ஒலை வெச்சிட்டேன், நாளைக்கி பாத்துக்கலாம் போடான்னு சொல்லிட்டேன். நான் போயிருந்தா கரையாண்ட நிக்க உட்டிருப்பனா?"

இத்தனை நாளும் அவள் தொண்டையில் நின்றது இதுதான். நான் எழுதுகிற எந்தப் பூவும் நிலாவும் இதைத் தொட்டிருக்காது.

"இட்டுகினு போ என்ன" என்றாள்.

காரியம் முடியாமல் தெருவைத் தாண்டக் கூடாது என்று உறவுக்காரப் பெண்கள் வந்து மறித்தார்கள். "உங்க வேலையப் பாத்துகினு போங்கடி" என்று அவர்களை விலக்கிக்கொண்டு என் வண்டியில் ஏறி உட்கார்ந்தாள்.

ஓரிக்கையில் வெள்ளம் வடிந்திருந்தது. ஆனாலும் மணல் தெரியாமல் ஓடிக்கொண்டிருந்தது. எங்கே உள்ளே இறங்கிவிடுவாளோ என்று பயந்து அம்மாவின் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். அவள் நகரவில்லை. முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு இந்தக் கரையிலிருந்து அந்தக் கரை வரைக்கும் பார்த்தாள். தோள் குலுங்கத் தொடங்கியது. கன்னத்தில் வழிந்ததைத் துடைக்காமல், ஆற்றைப் பார்த்துச் சொன்னாள்.

"வந்துட்டேன்டா. எங்க, காட்டு."